மண் அண்ணன்

போடிநாயக்கனூரில் சிமெண்டும் பெயிண்டும் விற்றுக்கொண்டிருந்த சோலைராஜ், ஒரே வருடத்தில் ஊரில் பாதி வீடுகளை வெள்ளையிலிருந்து பச்சைக்கும் பச்சையிலிருந்து ரோஜா நிறத்துக்கும் மாற்றிவிட்டதால், பெயிண்ட் கம்பெனிக்காரர்கள் மனம் குளிர்ந்து, அவரையும் அவர் மனைவி தமயந்தியையும் ஆறே நாளில் சீனாவின் சிறப்பிடங்களைச் சுற்றிக்காட்டி அனுப்புவதாகக் கடிதம் போட்டார்கள். மற்ற வியாபாரிகள் ஒரு பஸ் நிறைய மொத்தமாகப் போய்வந்தபோது சோலைராஜுக்கு முதுகுப் பிடிப்பு. ஆகையால் இவர்கள் இருவருக்கு மட்டும் தனியாக ஒரு கார், தனியாக ஒரு வழிகாட்டி, தனியாக இரண்டு குடை என்று ஏற்பாடாகித் தேதியும் குறித்து வந்தது. அந்தத் தேதிக்குச் சரியாக இருபத்திரண்டாம் நாள் அவர்கள் மகள் ஹேமப்பிரியாவுக்குக் கல்யாணம். தேதியை மாற்ற முடியுமா என்று சோலைராஜ் போன் போட்டுக் கேட்டதற்கு, கல்யாணத்தை மாற்ற முடியுமா என்று கம்பெனியில் பணிவாகத் திருப்பிக் கேட்டார்கள்.

போடிப் பக்கத்தில் கல்யாணப் பத்திரிகை வைப்பதற்கு ஒரு முறை உண்டு. முதல் பத்திரிகை குலசாமிக்கு, இரண்டாவது தாய்மாமனுக்கு. அதைப் புருஷனும் பெண்டாட்டியும் சேர்ந்தே போய், தட்டில் வெற்றிலை, பாக்கு, பழம், குங்குமத்தோடு நின்றபடி நீட்ட வேண்டும். ஒருவர் மட்டும் போனால் அது வைத்ததில் சேராது. தபாலில் போனால் வைக்காமல் இருந்ததைவிட மோசம். தமயந்தியின் அண்ணன் ராசாங்கம் நடந்தால் ஏழு நிமிட தூரத்தில், பாத்திரக்கடைக்கு மாடியில் இருந்தார். அப்பா இல்லாத வீட்டில் பத்தொன்பது வயதில் பெரியமனுஷனாகி, தங்கச்சியைப் படிக்கவைத்து, கையைப் பிடித்து மணமேடைக்குக் கூட்டிப்போன ஆள். ஹேமப்பிரியாவை மணமேடைக்குக் கூட்டிப்போக வேண்டியவரும் அவர்தான். வியாழக்கிழமை போய் வைத்துவிடலாம் என்று தமயந்தி தன் கைப்பட அண்ணன் பெயர் எழுதிப் பத்திரிகையைக் கைப்பையில் வைத்திருந்தபோது, விசாவுக்குக் கைரேகை வைத்து, அங்கிருந்தே விமானம் ஏற உடனே சென்னைக்கு வரச்சொல்லி அழைப்பு வந்துவிட்டது. போகிற வழியில் பஸ்ஸில் சும்மா உட்கார்ந்திருக்க முடியாத சோலைராஜ், பத்திரிகையைப் படம் பிடித்து, இருநூற்றுப் பன்னிரண்டு சொந்தக்காரர்கள் இருக்கும் வாட்ஸப் குழுவில் போட்டுவிட்டார். வாழ்த்துகளும் பூங்கொத்துகளுமாகக் குவிந்துகொண்டிருந்த நடுவில், ராசாங்கம் குழுவிலிருந்து வெளியேறினார் என்று ஒற்றை வரி வந்தது.

"ஏங்க, என்ன காரியம் பண்ணீங்க! எங்கண்ணனுக்குத் தட்டு வைக்காம படத்த அனுப்பிட்டீங்களே?"

"வீட்டு மனுசன்தான தமயந்தி. வந்து நேர்ல பாத்துக்கலாம்."

வீட்டு மனுஷன் என்று எவன் சொன்னாலும் அங்கே ஒரு மரியாதை குறையப்போகிறது என்று அர்த்தம். தமயந்திக்கு அது தெரியும். விமானம் ஏறியதிலிருந்து அவளுக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

பெய்ஜிங்கில் அவர்களை வரவேற்ற வழிகாட்டி, பல்கலைக்கழகத்தில் தமிழ் படித்த சீனப் பெண். ஆசிரியர் வைத்த பெயர் மழைச்செல்வி என்றாள். நம் ஊரில் மேடையேறினால் மட்டும் பேசுகிற தமிழை அவள் காரில் ஏறும்போதும் இறங்கும்போதும் பேசினாள்.

"இவ்வரண்மனையில் ஒன்பதாயிரத்துக்கும் மேற்பட்ட அறைகள் இருப்பதாகக் கூறுவர். தங்களுக்கு ஐயங்கள் உளவா?"

"கோவிச்சுக்கிட்டுப் போயி கதவச் சாத்திக்கிட்டுப் படுத்துக்கிற அறை எதும்மா?" என்றாள் தமயந்தி.

மழைச்செல்வி குறிப்பேட்டைப் புரட்டிப் பார்த்து, "பல" என்றாள்.

மறுநாள் பெருஞ்சுவர். மலை மேல் ஏறி மலை மேல் இறங்கி, முடிவே இல்லாமல் போய்க்கொண்டிருந்த அந்தச் சுவரில் அரை மணி நேரம் நடக்க நிகழ்ச்சி நிரலில் இடம் இருந்தது. இச்சுவர் பகைவரைத் தடுக்கக் கட்டப்பட்டது என்று மழைச்செல்வி சொன்னதும், "சொந்தக்காரனத் தடுக்குறதுக்கு இம்புட்டுச் செலவு வேணாம்மா, ஒரு போட்டோ போதும்" என்று தமயந்தி புருஷனைப் பார்த்துச் சொன்னாள். சோலைராஜ் சுவருக்கு என்ன பூச்சு பூசியிருக்கிறார்கள் என்று குனிந்து பார்த்தார். வாட்ஸப் அந்த நாட்டில் வேலை செய்யவில்லை. அண்ணனிடம் பேச வழியில்லாமல், காட்டியதையெல்லாம் பார்த்து, ஊட்டியதையெல்லாம் ஒதுக்கி, ஹோட்டல் அறையில் இட்லிப்பொடியை ரொட்டியில் தடவித் தின்றுகொண்டு அவள் நாளைக் கழித்தாள்.

நான்காம் நாள் சியான் நகரம். இரண்டாயிரம் வருடத்துக்கு முன்னால் பேரரசன் ஒருவன் தன் கல்லறைக்குக் காவலாகச் செய்துவைத்த சுட்டமண் படை அங்கே பெரிய கொட்டகைக்குள், ஆழமான குழிகளில், வரிசை வரிசையாக நின்றது. ஒருவர் முகம்போல ஒருவர் முகம் இல்லை என்றாள் மழைச்செல்வி. வரும் விருந்தினர் பலரும் தத்தம் உறவினர் முகத்தை இங்கே கண்டு வியப்பர் என்றும் சொன்னாள். தமயந்தி வியக்கவில்லை. இரண்டாவது வரிசையில் ஏழாவது ஆளாக ராசாங்கம் நின்றார். அதே உப்பிய கன்னம், அதே முறுக்காத மீசை, கறிக்கொழம்பில் உப்புக் குறைந்தால் வருகிற அதே உர்ரென்ற முகம். கொண்டை ஒன்றுதான் புதுசு.

அவளுக்கு அழுகை வந்துவிட்டது. அழுகையோடு அழுகையாக, ஊரிலிருந்து கொண்டுவந்திருந்த புளியோதரை டப்பாவின் எவர்சில்வர் மூடியை எடுத்தாள். அதில் ஹோட்டலில் காலையில் எடுத்த வாழைப்பழத்தையும், கைப்பையில் கிடந்த பாக்குப் பொட்டலத்தையும், குங்குமச் சிமிழையும், மேலே அண்ணன் பெயர் எழுதிய பத்திரிகையையும் வைத்தாள். வெற்றிலைக்கு மட்டும் வழியில்லாமல், மழைச்செல்வி சாப்பாட்டுக்கு வைத்திருந்த கீரை இலை இரண்டைக் கேட்டு வாங்கினாள். "பக்கத்துல வந்து நில்லுங்க" என்று புருஷனை அதட்டினாள். சோலைராஜ் சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு வந்து நின்றார்.

"அண்ணே, தப்பு எங்க மேலதான். மனசுல வச்சுக்கிறாதீக. புள்ள கல்யாணத்த நீங்க வந்து நடத்திக் குடுக்கணும்."

தட்டை நீட்டினால் வாங்காமல் நிற்பது எந்த நாட்டிலும் மரியாதை இல்லை. இரண்டாவது வரிசையின் ஏழாவது ஆள் வரிசையிலிருந்து விலகி, சரிவில் ஏறிக் கம்பித் தடுப்புக்கு வந்து, இரண்டு கையாலும் தட்டை வாங்கி, பத்திரிகையை எடுத்து மார்புக் கவசத்துக்குள் செருகிக்கொண்டு, தட்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டுத் தன் இடத்துக்குப் போய் நின்றுகொண்டான். காவலுக்கு இருந்தவர் ஒரு படிவத்தைக் கொண்டுவந்து, படைக்கு அன்பளிப்பு ஒன்று வழங்கப்பட்டது என்று எழுதி, சோலைராஜிடம் கையெழுத்து வாங்கினார். சோலைராஜ் தமிழில் கையெழுத்துப் போட்டார். தட்டு வாங்கும்போது மழைச்செல்வி ஒரு படமும் எடுத்திருந்தாள். நன்றாகவே வந்திருந்தது.

அந்தப் படம்தான் வினையாயிற்று. மதுரையில் இறங்கியதும் இறங்காததுமாக, சீனாவில் எடுத்ததையெல்லாம் சோலைராஜ் குழுவில் போட, யாரோ அதை ராசாங்கத்துக்குக் காட்டிவிட்டார்கள். தன் முகம் வைத்த ஒரு பொம்மையின் முன்னால் தங்கச்சியும் மச்சினனும் தட்டோடு குனிந்து நிற்பதை அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தார். சாயங்காலம் இருவரும் தட்டோடு போனபோது கதவு திறக்கவில்லை. உள்ளேயிருந்து குரல் மட்டும் வந்தது.

"அதான் வச்சாச்சே! மண்ணுக்கு நேர்ல வச்சீக, மனுசனுக்கு போன்ல வச்சீக. சீனா வரைக்கும் போகத் தெரிஞ்சவகளுக்கு இந்தத் தெருவுக்கு வரத் தெரியலையாக்கும்."

பக்கத்து வீட்டு ஜன்னல்கள் திறந்தன. சோலைராஜுக்கு முகம் சிவந்துவிட்டது. இனிமேல் இந்த வாசப்படியை மிதிக்கமாட்டேன் என்று அங்கேயே சொல்லிவிட்டு இறங்கிவந்தார். அவர் வராமல் தமயந்தி தனியாகப் போனால் அது பத்திரிகை வைத்ததில் சேராது. பத்து நாள் அவள் புருஷனிடம் கெஞ்சினாள், திட்டினாள், பேசாமலும் இருந்து பார்த்தாள். மாமன் வராவிட்டால் நான் மணமேடை ஏறமாட்டேன் என்று ஹேமப்பிரியா அவள் பங்குக்குச் சொல்லிவிட்டாள்.

கல்யாணத்துக்கு மூன்று நாள் முன்னால், மலையிலிருந்து இறங்கிவந்த ஜீப்காரர்கள், போடிமெட்டின் பதினேழு கொண்டை ஊசி வளைவுகளிலும் ஆட்கள் நாலு நாலு பேராக இறங்கிக்கொண்டிருக்கிறார்கள் என்றும், ஹாரன் அடித்தால் ஒதுங்குகிறார்கள், நல்ல மாதிரி என்றும் சொன்னார்கள். கொச்சியில் கப்பலைவிட்டு இறங்கி நடந்தே வந்திருந்தார்கள். முன்னால் சின்ன மஞ்சள் கொடியைத் தூக்கிப் பிடித்தபடி மழைச்செல்வி வந்தாள்; அவளுக்குப் பின்னால் ஏழாவது ஆள்; அவனுக்குப் பின்னால் ஆறாயிரத்துச் சொச்சம் பேர். தமயந்தியின் வீட்டு வாசலில் நின்று மழைச்செல்வி பத்திரிகையை விரித்துக் காட்டினாள்.

"'தாங்கள் சுற்றமும் நட்பும் சூழ வருகை தந்து' என்று இதில் எழுதப்பட்டுள்ளது. இவருக்கு உள்ள சுற்றம் இவ்வளவே. குதிரைகளைப் பற்றிய குறிப்பு இல்லாமையால் அவற்றை விட்டுவந்தோம்."

"வாங்க வாங்க. இம்புட்டுத் தூரம் வந்தீகளே, அதே பெருசு" என்று தமயந்தி சொம்பில் தண்ணீர் கொண்டுவந்தாள். ஆறாயிரம் பேருக்குச் சொம்பு ஒன்றுதான். முதல் ஆள் வாங்கித் தலைகுனிந்து பின்னால் கொடுக்க, அது சாயங்காலம்வரை கைமாறிக்கொண்டே போய், ஒரு சொட்டுக் குறையாமல் திரும்பி வந்தது.

ஊர் என்ன செய்யும், வந்தவர்கள் பெண்வீட்டுக்காரர்கள் ஆயிற்றே. நகராட்சியிலிருந்து ஒருவர் வந்து, மண்டபத்து வாசலை மறைக்காமல் நின்றால் போதும் என்று சொல்லிவிட்டுப் போனார். தெருவுக்கு இருநூறு பேர் என்று பிரித்து நிறுத்தினார்கள். ஆயுதங்கள் எப்போதோ மக்கிப்போய்விட்டதால் அவர்களுடைய கைகள் வெறுமனே வளைந்து, எதையாவது பிடித்துக்கொள்ள வசதியாக இருந்தன. பந்தல்காரர் மூங்கில் வாங்குவதை நிறுத்திவிட்டு, சீரியல் லைட்டையும் வாழைமரத்தையும் நல்வரவுப் பதாகையையும் அந்தக் கைகளில் கொடுத்தார். முதல் நாள் தூறல் விழுந்தபோது தெருப் பெண்கள் ஓடிவந்து பிளாஸ்டிக் விரிப்பைப் போர்த்தினார்கள். சுட்ட மண், கரையாது என்று செங்கல் சூளைக்காரர் ஒருவர் தட்டிப் பார்த்துச் சொன்ன பிறகுதான் அவர்களுக்கு மனசு ஆறியது.

மழைச்செல்வியின் நிகழ்ச்சி நிரல்படி, விருந்தினருக்குப் போடியின் சிறப்பிடங்களைக் காட்டும் இரண்டு நாள் தனிச் சுற்றுலா இருந்தது. காலை எட்டு மணிக்குக் கொடியைத் தூக்கினாளானால், பஸ் நிலையம், ரயில் நிலையம், ஜமீன் அரண்மனை, பரமசிவன் மலை, ஏலக்காய் ஏலம் போடும் கூடம் என்று படை பின்னாலேயே போகும். "இவ்வரண்மனையின் அறைகள் எண்ணப்படவில்லை" என்று அவள் சொல்வாள். ஆறாயிரம் பேரும் அண்ணாந்து பார்ப்பார்கள். ஏலக் கூடத்தில் ஒரு வில்லாளி கையைத் தூக்கியபடியே நின்றதால் நாற்பது மூட்டை ஏலக்காய் அவன் பேரில் விழுந்துவிட்டது. வியாபாரிகள் பெருந்தன்மையாக அதை மறுஏலம் விட்டார்கள்.

இதற்கிடையில் ஊருக்குள் வேறொரு விவகாரம் கிளம்பியது. தெருவில் நிற்கும் முகங்களைப் பார்க்கப் பார்க்க, ஒவ்வொருவருக்கும் அவரவர் கோபித்துக்கொண்டு போன ஆள் தட்டுப்பட ஆரம்பித்தான். வளையல் கடைக்காரர் எட்டு வருடமாகப் பேசாத தம்பியைத் தபால் நிலையத்து முனையில் கண்டுபிடித்து, சீமந்தத்துக்குக் கூப்பிடாத கதையை முதலிலிருந்து விளக்கினார். ஒரு டீச்சரம்மா நாத்தனார் முகத்தைக் கண்டு (மீசை இருந்தது, இருந்தாலும் நாத்தனார்தான்) பன்னிரண்டு வருட வசவையும் நின்று நிதானமாகத் திட்டி முடித்து, களைத்து, கடைசியில் நெற்றியில் திருநீறு பூசிவிட்டுப் போனாள். காபித்தூள் கடை வரிசையில் நின்றவனிடம் மன்னிப்புக் கேட்க எட்டுப் பேர் காத்திருந்தார்கள். ஒரே முகம் எட்டுப் பேருக்கும் எப்படிப் பொருந்தியது என்று யாரும் கேட்கவில்லை. மண் ஆட்கள் எல்லோரும் பொறுமையாகக் கேட்டுக்கொண்டார்கள், யாரும் பதில் பேசவில்லை. பதில் பேசாத சொந்தக்காரன் கிடைப்பது சாமான்யமா! ஊருக்கு அவர்களை ரொம்பவும் பிடித்துப்போயிற்று.

கம்பத்திலிருந்து வந்த சம்பந்தி கோதண்டத்துக்குத்தான் பிடிக்கவில்லை. மாப்பிள்ளை வீட்டார் முந்நூறு பேர், பெண்வீட்டார் ஆறாயிரம் என்றால் சபையில் எங்கள் மரியாதை என்னாவது என்று கேட்டார். அவருக்கு மட்டும் கை வைத்த பெரிய நாற்காலி போட்டுச் சமாதானம் செய்தார்கள். சாப்பிடுவார்களா என்று சமையல்காரர் கேட்டார். சாப்பிட மாட்டார்கள் என்றதும் அவருக்குக் கோபம் வந்துவிட்டது. சாப்பிடாவிட்டால் போகட்டும், வந்தவருக்கு இலை போடாமல் நான் கரண்டி பிடிக்கமாட்டேன் என்று ஆறாயிரம் இலைக்கும் ஆள் அனுப்பினார். முழங்கால் மடக்கிய வில்லாளிகள் முதல் பந்தியில் உட்கார வசதியாக இருந்தார்கள்.

தாய்மாமன் விஷயத்தையும் ஊர் கூடிப் பேசித் தீர்த்துவிட்டது. பத்திரிகை யார் கையில் இருக்கிறதோ அவரே மாமன்; பெயர் ராசாங்கம் என்று தமயந்தியின் கையெழுத்திலேயே இருக்கிறது; முகமும் ஒத்துப்போகிறது; இனி என்ன? சோலைராஜ் உடனே சரி என்றார். ஹேமப்பிரியா மண் மாமனைச் சுற்றி வந்து பார்த்துவிட்டு, அம்மாவிடம், "எல்லாஞ் சரியா இருக்கும்மா. ஆனா மாமா என்னயக் கண்டா சிரிக்கும்ல" என்றாள். கொடுத்த பத்திரிகையைத் திரும்பக் கேட்பது எந்தச் சுவருக்கும் அடங்காத பகை. அண்ணனையும் அழைக்க முடியாமல், அண்ணன் முகத்தையும் அனுப்ப முடியாமல் தமயந்தி வெந்துகொண்டிருந்தாள்.

முகூர்த்தத்தன்று காலை ஆறு மணிக்கே ராசாங்கம் மண்டபத்துக்கு எதிரே இருந்த டீக்கடையில் வந்து உட்கார்ந்துவிட்டார். வெள்ளைச் சட்டை, மடித்துக் கட்டிய வேட்டி. கல்யாணத்துக்கு வரவில்லை, டீ குடிக்க வந்திருக்கிறேன் என்று கேட்டவர்களிடமெல்லாம் சொன்னார். நாலாவது டீ ஓடிக்கொண்டிருந்தது. முகூர்த்தத்துக்காக மண்டபத் தெருவுக்கே வந்து நெடுக நின்ற ஆறாயிரம் பேரும் அவர் முகத்தைப் பார்ப்பதும் மண்டபத்தைப் பார்ப்பதுமாக இருந்தார்கள்.

ஒன்பதரைக்கு, பெண்ணை அழைத்துவரச் சொன்னார்கள். மண் மாமன் மணமகள் அறை வாசலில் வந்து நின்றான். ஹேமப்பிரியா உதட்டைக் கடித்துக்கொண்டு கையை நீட்டினாள். அவன் பிடிக்கவில்லை. நீட்டிய கையைக் கொஞ்ச நேரம் பார்த்தான். பிறகு பக்கத்தில் இருந்த தாம்பூலத் தட்டை எடுத்து, மார்புக் கவசத்திலிருந்து பத்திரிகையை உருவி அதில் வைத்து, திரும்பி, சபை நடுவே நடந்து, வாசல் தாண்டி, ரோட்டைக் கடந்து டீக்கடைக்குப் போனான். பின்னாலேயே மழைச்செல்வி கொடியோடு ஓடினாள். ராசாங்கத்தின் முன்னால் அவன் தட்டை நீட்டியபடி குனிய, தெருவின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை ஆறாயிரம் பேரும் ஒரே சத்தமாகக் குனிந்தார்கள். அந்த ஜில்லாவில் எந்தத் தாய்மாமனுக்கும் அப்படி ஒரு அழைப்பு நடந்ததில்லை. கோதண்டம் நாற்காலியை விட்டே எழுந்துவிட்டார்.

ராசாங்கம் பெஞ்சிலிருந்து எழுந்தார். தன் முகத்தைத் தானே நேருக்கு நேராகப் பார்த்தார்.

"உம்ம மேல எனக்கு ஒரு வருத்தமுமில்லய்யா. நல்ல மனுசன் நீரு" என்றார். பிறகு அவன் தோளுக்கு மேலாக, மண்டப வாசலில் நின்ற தங்கச்சியைப் பார்த்து, தெருவுக்கே கேட்கும்படி சொன்னார்: "இப்பவும் ஆளத்தான அனுப்பியிருக்க தமயந்தி. நீ வரலையே."

தமயந்தி திரும்பிப் புருஷனைப் பார்த்தாள். சோலைராஜ் மணமேடையிலிருந்து எழுந்து வாசல்வரை வந்துவிட்டார். வாசப்படியில் நின்றுகொண்டார், அதற்கு மேல் கால் வரவில்லை. "நேரமாகுது, நேரமாகுது" என்று உள்ளேயிருந்து யாரோ கத்தினார்கள். அவள் பட்டுப்புடவைக் கொசுவத்தை ஒரு கையில் அள்ளிப் பிடித்துக்கொண்டு, செருப்பில்லாமல், தனியாக ரோட்டில் இறங்கினாள்.

"உம் புருசன் எங்க?" என்றார் ராசாங்கம்.

"அவுக வரலண்ணே. தட்டுங் கொண்டாரல. பத்திரிகையும் எங்கிட்ட இல்ல. நாந்தான் வந்திருக்கேன். அன்னைக்கே நா மட்டுமாச்சும் ஓடியாந்திருக்கணும்" என்றாள். அண்ணனின் சட்டைக் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள்.

ராசாங்கம் அவளை மேலும் கீழும் பார்த்தார். "மொகமே சரியில்லையே. காலையில ஏதாச்சும் சாப்ட்டியா?"

"இல்ல."

"கிறுக்கி" என்றார். டீக்கடைக்காரரிடம் திரும்பி, "தங்கச்சிக்கு ஒரு டீ போடுப்பா, சீனி தூக்கலா" என்றார். டீ வந்தது. முகூர்த்தம் போய்விடும் என்று கோதண்டம் வாசலில் நின்று கைக்கடிகாரத்தைக் காட்டினார்; ராசாங்கம் அந்தப் பக்கம் திரும்பவில்லை. "ஆத்திக் குடி, நாக்கு சுட்டுக்கிறாத" என்று பக்கத்திலேயே நின்றார். அவள் குடித்து முடித்ததும், டம்ளரைத் தானே வாங்கி வைத்துவிட்டு, மடித்துக் கட்டியிருந்த வேட்டியை அவிழ்த்துக் கணுக்கால்வரை இறக்கிவிட்டுக்கொண்டு, தங்கச்சிக்கு முன்னால் நடந்தார்.